ஒன்பதாம் ரீலும் எங்கள் அக்காவும்

அக்காவின் முதலாம் ஆண்டு நினைவுத் திருப்பலிக்கு வரும் உறவினர்கள், நண்பர்கள் கையில் கொடுப்பதற்காக இந்தச் சிறு மலரை அச்சிடுகிறோம். பங்குத் தந்தை ஒரு பக்கம் எழுதித் தந்திருக்கிறார். அக்கா வேலை பார்த்த அலுவலகத்தார் ஒரு பக்கம் அனுப்பியிருக்கிறார்கள். மீதிப் பக்கங்கள் என்னுடையவை. பள்ளியில் முப்பத்து மூன்று ஆண்டுகள் தமிழ் கற்பித்தவள் என்பதால், பங்கில் யார் இறந்தாலும் இரங்கல் உரையை என்னிடம்தான் எழுதி வாங்குவார்கள். அந்த உரைகளில் பயன்படுத்திய சொற்களை இங்கே எழுதிப் பார்த்தேன். இரண்டு முறை கிழித்தேன். ஆகவே நடந்ததை நடந்தபடியே எழுதுகிறேன். இதில் என்னைப் பற்றிய ஓர் உண்மையும் உண்டு. அக்கா உயிரோடு இருந்தவரை அதை நான் வெளியே சொல்ல அவர் விடவில்லை.

அக்கா பிறந்தது சாந்தோமில். அப்பா பங்குப் பள்ளியில் கணக்கு ஆசிரியர். அம்மா வீட்டிலேயே தையல் வேலை செய்தார். நாங்கள் இருவர்தான் பிள்ளைகள். அக்கா என்னைவிட ஆறு வயது மூத்தவர். அப்பா ஒரு நாள் வகுப்பில் கரும்பலகை முன் நின்றபடியே சரிந்து விழுந்து இறந்தார். அப்போது அக்கா கல்லூரியில் இயற்பியல் இரண்டாம் ஆண்டு படித்துக்கொண்டிருந்தார். படிப்பு அத்தோடு நின்றது. என் படிப்பு நிற்கக் கூடாது என்று முடிவு செய்தவரும் அவரே.

தி. நகரில் இருந்த ஓர் ஒலிப்பதிவுக் கூடத்தில் அக்காவுக்கு வேலை கிடைத்தது. டேப் பெட்டிகளின் மேல் படத்தின் பெயரும் பகுதி எண்ணும் எழுதி ஒட்டும் வேலை. சேர்ந்த இரண்டாம் ஆண்டில், பக்கத்து அறையில் ஓடிக்கொண்டிருந்த ஒரு டேப் மெதுவாக ஓடுகிறது என்று போய்ச் சொன்னார். யாரும் நம்பவில்லை. பிறகு அளந்து பார்த்தார்கள். உண்மையாகவே மெதுவாகத்தான் ஓடியது. அதன் பிறகு அவரை இயந்திர அறைக்கு மாற்றினார்கள். அந்த அறையில் வேறு பெண்கள் யாரும் அப்போது இல்லை.

அக்காவைப் பெண் பார்க்க ஒரே ஒரு முறைதான் ஆட்கள் வந்தார்கள். மாப்பிள்ளையின் அம்மா, "சினிமாவுல உனக்கு என்னம்மா வேலை?" என்று கேட்டார்.

"என்னை யாரும் பார்க்க மாட்டாங்க ஆன்ட்டி. நானும் யாரையும் பார்க்க மாட்டேன். சத்தத்தை மட்டும் கேப்பேன்," என்றார் அக்கா.

வந்தவர்கள் பஜ்ஜியைச் சாப்பிட்டுவிட்டுப் போனார்கள். பதில் வரவில்லை. அம்மா ரொம்ப நாள் அதைச் சொல்லி வருந்தினார். அம்மா இறந்த பிறகு நானும் அக்காவும் மந்தைவெளியில் இந்த வாடகை வீட்டுக்கு வந்தோம். எனக்கும் திருமணம் ஆகவில்லை. இருபத்திரண்டு ஆண்டுகள் நாங்கள் இருவர் மட்டுமே.

ஒலிப்பதிவுக் கூடத்தை மூடிய பின், தரமணியில் பழைய திரைப்படங்களைப் புதுப்பிக்கும் ஒரு நிறுவனத்தில் அக்கா சேர்ந்தார். அவருடைய வேலை என்ன என்று நம் உறவினர்கள் பலருக்குக் கடைசி வரை தெரியாது. எனக்குத் தெரிந்த அளவில் சொல்கிறேன். பழைய படங்களில் ஒலியும் ஃபிலிமிலேதான் இருக்கும், ஓரமாக ஒரு கோடு போல. அந்தக் கோட்டில் கீறல் விழுந்தால் 'டிக்' என்று கேட்கும். பூஞ்சை பிடித்தால் இரைச்சல் வரும். கணினியில் ஒரு கட்டளை கொடுத்தால் இரைச்சல் முழுவதும் போய்விடுமாம். ஆனால் அந்தக் கணினி, 'ச', 'ஸ' என்று சொல்லும்போது வரும் உரசலையும் அழுக்கு என்று நினைத்து அழித்துவிடும். அதனால் அக்கா ஒவ்வொரு சொல்லாகக் கேட்டுக் கையால் சுத்தம் செய்தார். பத்து நிமிடப் படத்துக்கு மூன்று வாரம் ஆகும். வசனத்தின் நடுவே நடிகர் மூச்சு இழுப்பதைக்கூட அவர் அழிக்க விடமாட்டார். "மூச்சை எடுத்துட்டா செத்தவங்க பேசற மாதிரி இருக்கும்டி," என்பார்.

அந்த அலுவலகத்துக்கு ஒரு நாள் கோபாலபுரத்திலிருந்து ஒரு பெரியவர் வந்தார். வங்கியில் அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்றவர். ஒரு பழைய கறுப்பு வெள்ளைப் படத்தை அந்த நிறுவனம் புதுப்பிக்கிறது என்று செய்தித்தாளில் பார்த்துவிட்டு வந்திருந்தார். படத்தின் பெயரை நான் இங்கே எழுதவில்லை.

"எனக்கு மூணு வயசு இருக்கும்போது எங்கம்மா போயிட்டாங்க. ஒரே ஒரு போட்டோதான் இருக்கு," என்று அவர் அக்காவிடம் சொன்னாராம். "இந்தப் படத்துல நர்ஸா வந்து நாலு வரி பேசுவாங்கன்னு எங்க சித்தி சொல்லியிருக்காங்க. அப்பா வீட்டுல சினிமாப் பேச்சே எடுக்க விட மாட்டாரு. அவர் காலத்துக்கப்புறம் நான் தேட ஆரம்பிச்சப்போ படம் எங்கயும் கிடைக்கல. குரல் எப்படி இருக்கும்னு ஒரு தடவை கேக்கணும், அவ்வளவுதான்."

அந்தப் படத்தின் காட்சிகள் முழுவதும் கிடைத்திருந்தன. ஒலி தனி ஃபிலிமில் இருந்தது. அதில் ஏழு, எட்டு, ஒன்பது ஆகிய மூன்று ரீல்கள் மக்கிப் போயிருந்தன. நர்ஸ் வருவது ஒன்பதாம் ரீலில். அக்கா அவரைப் பக்கத்தில் உட்கார வைத்து அந்த இடத்தை ஓட்டிக் காட்டினார். வெள்ளைப் புடைவை கட்டிய ஓர் இளம்பெண் கட்டிலுக்கு அருகே வந்து குனிந்து ஏதோ பேசுகிறார். உதடு அசைகிறது. சத்தம் இல்லை. பெரியவர் நான்கு முறை போடச் சொல்லிப் பார்த்தாராம்.

"என்னம்மா சொல்றாங்க?"

"உதடு அடுத்தடுத்து ஒட்டுது. 'பயப்படாதீங்க'ன்னு நினைக்கிறேன் சார். மத்தது புரியலை. எங்கயாவது ஒரு தியேட்டர் பிரின்ட் கிடைச்சா அதுல சத்தமும் சேர்ந்தே இருக்கும். கண்டுபிடிச்சுத் தரேன்."

அக்கா எளிதில் வாக்குக் கொடுப்பவர் அல்லர். ஒரு ஞாயிற்றுக்கிழமை சமைக்கிறேன் என்றுகூட உறுதியாகச் சொல்லமாட்டார். அன்று சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும், "அவர்கிட்ட ஏண்டி அப்படிச் சொன்னேன்?" என்று என்னிடமே கேட்டார்.

அந்தப் பிரின்டைத் தேட மூன்று ஆண்டுகள் ஆயின. மூடிப்போன திரையரங்குகளின் முன்னாள் ஊழியர்கள் ஒவ்வொருவரையும் விசாரித்துக் கடைசியில் சைதாப்பேட்டையில், புரொஜக்டர் ஓட்டியவர் ஒருவரின் மனைவியைக் கண்டுபிடித்தார். நானும் உடன் போனேன்.

"அந்த டப்பாவா? பரண்மேல கீதும்மா," என்றார் அந்த அம்மாள். "எலி கூட அத்தாண்ட போவாது, அப்டி நாறுது. தியேட்டர மூடசொல்ல தூக்கினு வந்தாரு. உசுரோட இருந்த வரிக்கும் யாரையும் தொட உடல. நீ எட்துக்கினு போ. அவரு பேரச் சொல்லி ஒரு ஜெபம் பண்ணு, எனுக்கு வேற ஒண்ணியும் வேணாம்."

பரணில் இருந்தவை இடைவேளைக்குப் பிந்தைய ரீல்கள். அவற்றில் வேண்டிய மூன்றும் இருந்தன. ஆட்டோவில் அந்த மூன்று டப்பாக்களையும் மடியில் வைத்துக்கொண்டு வந்த அக்காவின் முகத்தை நான் மறக்கவில்லை.

பழைய ஃபிலிம் கெட்டுப்போகும்போது காடி போல ஒரு புளித்த நெடி வரும். அந்த நெடி பக்கத்தில் இருக்கும் நல்ல ஃபிலிமையும் கெடுத்துவிடும் என்பதால், டப்பாக்களை அலுவலகத்தில் வைக்க அனுமதி கிடைக்கவில்லை. அக்கா அவற்றை வீட்டுக்கே கொண்டுவந்து, பால்கனியை ஒட்டிய சிறிய அறையில் வைத்தார். சுருங்கிய ஃபிலிம் இயந்திரத்தில் நிற்காது. ஒட்டிச் சரிசெய்து, அலுவலகத்துக்குக் கொண்டுபோய் ஒரே ஒரு முறை ஓட்டலாம். அந்த ஒரு முறைக்குள் ஒலியை எடுத்துவிட வேண்டும். மறுமுறை ஓட்டினால் நொறுங்கிவிடும். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்ததும் ஜன்னலோரம் உட்கார்ந்து, ஓரத்தில் கிழிந்த துளைகளை ஒவ்வொன்றாக ஒட்டுவார். ஏழாம் ரீலும் எட்டாம் ரீலும் முடிய ஓர் ஆண்டுக்கு மேல் ஆயிற்று. ஒன்பதாம் ரீல் மூன்றிலும் மோசம்; சுருள் சுருளாக ஒட்டிக்கொண்டிருந்தது. ஈரத்தை உறிஞ்சும் பொட்டலங்களை அந்த டப்பாவுக்குள் போட்டு, மழைக்காலம் முடியட்டும் என்று காத்திருந்தார்.

எனக்கு அந்த நெடி பிடிக்கவே இல்லை. பங்குத் தந்தை வீட்டுக்கு வந்தபோது ஊறுகாய் போட்டிருக்கிறீர்களா என்று கேட்டார். நான் அக்காவிடம் சண்டை போட்டேன். "இன்னும் ஒண்ணுதாண்டி, பொறுத்துக்கோ," என்றார்.

அந்த மழைக்காலத்தில்தான் அக்காவுக்கு வயிறு உப்பியது. வாயு என்று நினைத்தோம். கருப்பையில் புற்றுநோய், அதுவும் பரவிவிட்டது என்றார்கள். அடையாற்றில் ஒரு மருத்துவமனையில் அறுவைச் சிகிச்சை நடந்தது. இருபத்திரண்டு நாள் அங்கே இருந்தோம். அலுவலகத்தின் தலைமை அதிகாரி ஒரு நாள் பார்க்க வந்தார். ஆப்பிள் வாங்கி வந்திருந்தார். நல்ல மனிதர்.

"மேடம், படத்தோட ஓனர் இதுக்கு மேல வெயிட் பண்ண மாட்டேங்கறார். அந்த மூணு ரீலுக்கும் புதுசா டப்பிங் போட்டுடலாம்னு சொல்றார்."

"ரெண்டு ரீல்தான் எடுத்துக் கொடுத்துட்டேனே சார். ஒண்ணே ஒண்ணுதான் பாக்கி. வீட்டுக்குப் போனதும் பண்ணிடறேன். ரெண்டு மாசம் கொடுங்க."

அவர் சரி என்று தலையசைத்துவிட்டுப் போனார்.

வீட்டுக்கு அனுப்புவதற்கு முன்பு நர்ஸ் என்னைக் கூப்பிட்டு, "கீமோ ஆரம்பிச்சா வாந்தி ரொம்ப இருக்கும். வீட்ல எந்த வாசனையும் வேணாம். பினாயில், சென்ட், தாளிக்கிற வாசம்கூட ஆகாது," என்றார். நான் முதல் நாளே வீட்டைச் சுத்தம் செய்ய வந்தேன். மூன்று வாரமாகப் பூட்டிக் கிடந்த வீடு. கதவைத் திறந்ததும் அந்த நெடி முகத்தில் அடித்தது.

அந்தச் சிறிய அறையில் மூன்று டப்பாக்களும் இருந்தன. முதல் இரண்டின் மூடியில் 'எடுத்தாயிற்று' என்று அக்காவின் கையெழுத்து. மூன்றாவதில் 'எடுக்கவில்லை. தொடாதே' என்று இருந்தது. அந்தத் 'தொடாதே' எனக்காக எழுதியது. வேறு யார் அந்த வீட்டில் தொடப் போகிறார்கள்?

படித்தேன். தெருவில் பழைய பேப்பர்க்காரரின் குரல் கேட்டது. பால்கனியிலிருந்து கூப்பிட்டேன்.

"இன்னா டீச்சர், இத்தப் போயி வூட்ல வெச்சிக்கினு கீறீங்க?" என்று மூக்கைப் பொத்திக்கொண்டார். "தகரம் ஓகே. உள்ள கீறது வேஸ்ட்டு."

"மூணையும் எடுத்துட்டுப் போங்க," என்றேன்.

அக்காவின் உடம்புக்காகத்தான் செய்தேன் என்று இவ்வளவு நாளும் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அது பாதி உண்மை. அந்த நெடிதான் அக்காவின் வயிற்றில் நோயை வைத்தது என்று நம்பினேன். எந்த மருத்துவரும் அப்படிச் சொல்லவில்லை. அந்த டப்பாக்கள் மேல் எனக்கு இருந்தது கோபம். இன்னொருவருடைய அம்மாவுக்காக என் அக்கா எத்தனை ஞாயிற்றுக்கிழமைகளைக் கொடுத்தார் என்ற கோபம். சைக்கிள் வண்டி தெருமுனை திரும்பியபோது எனக்கு நிம்மதியாக இருந்தது. அதையும் எழுதிவிடுகிறேன்.

மறுநாள் அக்கா வீட்டுக்கு வந்தார். சுவரைப் பிடித்து நடந்து, படுக்கைக்குப் போவதற்கு முன்பு அந்த அறைக்குத்தான் போனார்.

"எங்கடி?"

"போட்டுட்டேன்கா. உனக்கு வாசனையே ஆகாதுன்னு நர்ஸ் சொன்னாங்க."

"மூணுமா?"

"மூணும்."

அக்கா அங்கே இருந்த நாற்காலியில் உட்கார்ந்தார். வெறும் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். என்னைத் திட்டவில்லை. நான் செருப்பு மாட்டிக்கொண்டு அந்தப் பேப்பர்க்காரரின் கடைக்கு ஓடினேன்.

"நேத்தே ஒரு வார்த்த சொல்லக் கூடாதா டீச்சர்?" என்றார் கடைக்காரர். "ஃபிலிம்ம அப்பவே உருவிப் போட்டுட்டேன். காலைல குப்பை வண்டி வந்து அள்ளிக்கினு பூட்ச்சு." மூன்று தகர டப்பாக்களும் திறந்தபடி கடை வாசலில் கிடந்தன.

முதல் கீமோ முடிந்த மூன்றாம் வாரத்தில், "அவர்கிட்ட நான்தான் சொல்லணும்," என்று அக்கா கிளம்பினார். கோபாலபுரத்தில் அந்தப் பெரியவரின் வீட்டில் நாங்கள் உட்கார்ந்தோம். தலையில் துணி கட்டியிருந்த அக்காவைப் பார்த்து அவர் பதறிப்போனார். அவருடைய அம்மாவின் புகைப்படம் அந்தக் கூடத்தில் மாட்டியிருந்தது.

"சார், ஒன்பதாவது ரீலை மெஷின்ல ஓட்டும்போது அறுந்துபோச்சு. இனிமே எடுக்க முடியாது. என் கவனக்குறைவு," என்றார் அக்கா.

நான் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தேன். வாயைத் திறக்கவில்லை.

"நாலு வரியுமா போச்சு?"

"நாலும் போச்சு சார்."

அவர் எழுந்துபோய் அக்காவுக்குத் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார். "உடம்பைப் பாத்துக்கங்கம்மா. இந்த நெலமையில நீங்க வந்திருக்கவே வேணாம்," என்றார்.

திரும்பி வரும்போது ஆட்டோவில் நான் அழுதேன். "ஏன்கா அப்படிச் சொன்னே?"

"உன்னைச் சொன்னா அவருக்குக் குரல் கிடைச்சிடுமா? நான் போனப்புறம் நீ தனியா இருக்கப்போறவ. இதைப் பத்தி யார்கிட்டயும் பேசாதே."

படத்தின் உரிமையாளர் இரண்டு மாதம் பொறுக்க இனிக் காரணமும் இல்லை. மூன்று ரீல்களுக்கும் புதிய குரல்கள் போட்டார்கள். ஏழிலும் எட்டிலும் அக்கா ஓர் ஆண்டு உழைத்து எடுத்த குரல்களையும் நீக்கிவிட்டார்கள். மூன்றும் ஒரே மாதிரி இருக்க வேண்டுமாம். நர்ஸின் நான்கு வரிகள் என்ன என்று யாருக்கும் தெரியாததால், உதட்டு அசைவுக்குப் பொருந்தும்படி யாரோ புதிதாக எழுதினார்கள். ஓர் இளம்பெண் பேசினார். சரிபார்க்கச் சொல்லி அக்காவுக்கு அனுப்பினார்கள். கட்டிலில் சாய்ந்தபடி ஹெட்ஃபோன் மாட்டிக் கேட்டார்.

"எப்படிக்கா இருக்கு?"

"உதட்டுக்குப் பொருந்துது," என்று கழற்றி வைத்தார்.

அவர் ஹெட்ஃபோன் மாட்டியது அதுவே கடைசி. கீமோ மருந்து அக்காவின் காதைக் கெடுத்தது. சிலருக்கு அப்படி ஆகும் என்றார் மருத்துவர். விசில் போல ஒரு சத்தம் ஓயாமல் கேட்டது. "என்ன சத்தம்னுகூடச் சொல்வேன், செகண்டுக்கு ஆறாயிரம் சைக்கிளுக்கு மேல அதிருது," என்று ஒரு முறை சிரித்தார். அலைச் சத்தத்தில் அந்த விசில் தெரியாது என்பதால் சாயங்காலங்களில் பெசன்ட் நகர் கடற்கரைக்கு ஆட்டோவில் போவோம். சுண்டல் விற்பவர்களும் பந்து விளையாடும் பிள்ளைகளும் இருக்கும் கூட்டத்தின் நடுவே, கண்ணை மூடிக்கொண்டு அரை மணி நேரம் உட்கார்ந்திருப்பார். நான்கு வாரத்துக்குப் பிறகு அதுவும் முடியாமல் போயிற்று.

படம் சில திரையரங்குகளில் மூன்று நாள் ஓடியது. நாங்கள் போகவில்லை.

அக்கா மன்னித்துவிட்டேன் என்று என்னிடம் சொல்லவே இல்லை. சொல்வார் என்று ஒவ்வொரு நாளும் எதிர்பார்த்தேன். கடைசி வாரத்தில் ஒரு மதியம், ஜெபமாலை சொல்ல வந்த பெண்கள் போன பிறகு, அவர் காதருகே குனிந்து, "அக்கா, என்னை மன்னிச்சுடு," என்றேன்.

"என்னடி? கேக்கல."

அவர் முகம் மிகவும் களைத்திருந்தது. இன்னொரு முறை உரக்கச் சொல்ல எனக்குத் துணிவு வரவில்லை. "ஒண்ணும் இல்லக்கா," என்றேன். நான்காம் நாள் காலையில் அக்கா இறைவனடி சேர்ந்தார்.

அடக்கத்துக்குக் கோபாலபுரத்துப் பெரியவர் வந்திருந்தார். படத்தைப் போய்ப் பார்த்ததாகச் சொன்னார். "அந்தப் பொண்ணு நல்லாத்தாம்மா பேசியிருக்கு. ஆனா அது எங்கம்மா இல்லையே." பிறகு, மெஷின் செய்த தவற்றுக்கு அக்கா கடைசி வரை வருந்தியிருப்பாரே என்று எனக்கு ஆறுதல் சொன்னார். நான் ஆமாம் என்று தலையாட்டினேன். சவப்பெட்டிக்குப் பக்கத்தில் நின்றுகொண்டே தலையாட்டினேன்.

நன்றி சொல்லக் கடமைப்பட்டிருக்கிறேன். அக்காவைப் பரிவோடு கவனித்த மருத்துவர்களுக்கும் செவிலியர்களுக்கும், கடைசி மாதத்தில் வீட்டுக்கே வந்து உடம்பு துடைத்துவிட்ட இரண்டு சகோதரிகளுக்கும், மாறி மாறிச் சோறு கொண்டுவந்த எங்கள் தெருவின் ஜெபக் குழுவான அன்பியத்தின் பெண்களுக்கும், கடற்கரைக்கு அழைத்துப் போய் அரை மணி நேரமும் காத்திருந்த ஆட்டோ ஓட்டுநருக்கும் என் நன்றி. சைதாப்பேட்டை அம்மாளுக்கு நன்றி சொல்ல எனக்குத் தகுதி இல்லை. அவர் கணவர் அத்தனை காலம் காப்பாற்றி வைத்திருந்ததை நான் ஒரே காலையில் தெருவில் போட்டேன். அவருக்காக அக்கா தவறாமல் செய்துவந்த ஜெபத்தை நான் தொடர்ந்து செய்கிறேன்.

அக்காவின் சொல்லை இந்த ஒரு விஷயத்தில் மீறுகிறேன். இந்த மலரின் முதல் பிரதியைக் கோபாலபுரத்துக்கு நானே கொண்டுபோகப் போகிறேன். அவர் இதைப் படித்துவிட்டு என்னை வெளியே போகச் சொன்னாலும் சரி, திருப்பலிக்கு வராமல் இருந்தாலும் சரி.

ஐயா, உங்கள் தாயாரின் குரல் எந்த இயந்திரத்திலும் அறுபடவில்லை. தொடாதே என்று எழுதியிருந்ததைப் படித்த பிறகு, நான்தான் அதை வெளியே கொடுத்தேன். எங்கள் அக்காவின் கையில் இருந்தவரை அது பத்திரமாகத்தான் இருந்தது.